வள்ளி திருமணமும் நம் வீட்டுத் திருமணமும்

(கொல்லிமலைச் செம்மேட்டில், நோம்பிக் கூத்துக்கு முன்பாக நடந்த கூட்டத்தில் பேசியதன் வாசகம்)



தட்டி மறைவில் அரிதாரம் பூசிக்கொண்டிருக்கிறார்கள். ஆர்மோனியக்காரர் சுருதி பார்க்கிற சத்தம் இங்கே வரை கேட்கிறது. உங்கள் கண் நம் மேல் இருந்தாலும் காது அங்கேதான் இருக்கிறது என்பது நமக்குத் தெரியும். அதில் இன்று நமக்கு வருத்தமில்லை. ஒரு காலத்தில் இருந்தது. அந்த வருத்தத்தைப் பற்றியேதான் இன்றைக்குப் பேசலாம் என்று வந்திருக்கிறோம்.

கொல்லிமலைக்கு வந்துவிட்டு கொல்லிப்பாவையைப் பற்றிப் பேசாமல் இறங்க முடியாது. சிரித்துக் கிட்டே இழுத்து உயிரை வாங்கிவிடும் பொம்மை என்று பெரியவர்கள் உங்களுக்குக் கதை சொல்லியிருப்பார்கள். எட்டுக்கை அம்மனே அந்தப் பாவைதான் என்று கும்பிடுகிறவர்களும் உண்டு. நம் தோழர்களில் சிலர் இந்தக் கதையை எடுத்துக்கொண்டு, "சினிமாவும் நாடகமும்தான் இந்தக் காலத்துக் கொல்லிப்பாவை. காதல், காதல் என்று சிரித்துக் காட்டுகிறது, தொழிலாளி மயங்கி விழுகிறான், சங்கத்துக்கு வர வேண்டியவன் கொட்டகைக்குப் போய்விடுகிறான்" என்று பேசுவார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கும். நாமும் அப்படிப் பேசியிருக்கிறோம்.

ஆனால் ஒரு விஷயம் பாருங்கள். குறுந்தொகையிலும் நற்றிணையிலும் அகநானூற்றிலும் இந்தப் பாவை வருகிறாள். வல்வில் ஓரி ஆண்ட கொல்லிமலையின் பாவை என்று அந்தப் புலவர்கள் பாடினார்கள். எதற்காகப் பாடினார்கள்? தன் காதலி இவளைப் போல இருக்கிறாள் என்று ஒருவன் உருகுவதற்காகப் பாடினார்கள். பழைய பாட்டிலே பாவை என்றால் காதலி. நாம் கேட்டு வளர்ந்த கதையிலே அவள் ஆளைக் கொல்லுகிறவள். காதலைக் கண்டு பயந்தவர்கள் இடையிலே யாரோ இருந்திருக்கிறார்கள் என்பது நம் எண்ணம்.

சுமார் இருபது வருஷத்துக்கு முன்னால், அடிவாரத்து ஊர் ஒன்றில் மரவள்ளிக்குக் கட்டுபடியாகும் விலை கேட்டு ஒரு கூட்டம் போட்டோம். அன்றைக்கே அந்த ஊரில் மாரியம்மன் நோம்பி. இரவு பத்து மணிக்கு 'வள்ளி திருமணம்'. ஒன்பதரைக்கு நம் கூட்டத்தில் நூறு பேர் இருந்தார்கள். பத்தடித்தபோது நாற்பது பேர் இருந்தார்கள். மைக் நம் கையில் இருந்தது, வயது வேறு. வாய்க்கு வந்தபடி பேசிவிட்டோம். "உங்கள் வயிற்றுக்காகப் பேசுகிறோம், நீங்கள் கிழவன் வேஷம் பார்க்க ஓடுகிறீர்களே" என்று.

மறுநாள் காலை ஒரு கிழவியம்மா, கூலிக்குக் கிழங்கு பிடுங்குகிறவர், டீக்கடையில் நம்மைப் பிடித்துக்கொண்டார். "ஏஞ்சாமி, நேத்து எங்களை அந்தப் பேச்சு பேசிப்போட்டியே. எனக்குப் பதினாலு வயசுல கட்டிக் குடுத்தாங்க. யாரைன்னு கூடத் தெரியாது. என்னை ஒருத்தரும் ஒரு வார்த்தை கேக்கல. அங்க ஒருத்தி நின்னுக்கிட்டு, நீ யாரு, உன் ஊரு எது, உனக்கு என்னத்துக்கு நான் வாழ்க்கைப்படோணும்னு ராத்திரி பூராவும் கேக்கறா. சாமியே வந்து நின்னு பதில் சொல்லுது. அதைப் பாக்காம உன் பேச்சைக் கேக்கச் சொல்றியா?" என்றார்.

தோழர்களே, நாம் படித்தது பத்தாவது வரைக்கும். அதற்குப் பிறகு கட்சி வகுப்புகளில் எத்தனையோ பாடம் கேட்டிருக்கிறோம். அந்த டீக்கடைப் பாடத்துக்கு ஈடாக அதிகம் கேட்டதில்லை.

யோசித்துப் பாருங்கள். இன்றிரவு நடக்கப்போகிற கதையின் முடிவு இங்கே இருக்கிற சின்னப் பிள்ளைக்குக் கூடத் தெரியும். வள்ளியை முருகன் கட்டிக்கொள்வான். அதில் என்ன மர்மம்? இருந்தும் விடிய விடிய உட்காருகிறோம். ஏன்? நடுச்சாமத்துக்கு மேலே வருகிற தர்க்கத்துக்காக. வள்ளி பரண் மேலே நின்று தினைக் கொல்லையைக் காவல் காக்கிறாள். வேடன் வந்து பேச்சுக் கொடுக்கிறான். அவள் மடக்குகிறாள், அவன் திருப்புகிறான், மறுபடி மடக்குகிறாள். இந்த ஸ்பெஷல் நாடகத்தில் ஒத்திகை என்பதே கிடையாது. வள்ளி ஒரு ஊர்க்காரி, முருகன் இன்னொரு ஊர்க்காரர். இரண்டு பேரும் அன்று மாலைதான் சந்தித்திருப்பார்கள். சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) வகுத்துக் கொடுத்த பாட்டும் வசனமும் இருவருக்கும் மனப்பாடம். அதற்கு மேல் ஓடுவதெல்லாம் அவரவர் புத்தி, அவரவர் நாக்கு. முருகன் வேஷக்காரர் பதில் தெரியாமல் திணறினால் ஜனங்கள் சிரிப்பார்கள். வள்ளி வேஷக்காரி ஜெயித்தால் பெண்கள் பக்கத்திலிருந்து ஒரு ஆரவாரம் எழும், கேட்டிருக்கிறீர்கள் அல்லவா?

ஒரு உழைக்கிற பெண், கையில் கவணோடு, தன் வேலையிடத்தில் நின்று, வந்தவனிடம் சரிக்குச் சரி பேசுகிறாள். அவன் தெய்வம் என்று தெரிந்த பிறகும் உடனே காலில் விழுந்துவிடவில்லை. நம் ஊரில் எந்த வீட்டுக் கூடத்தில் இது நடக்கிறது? பெண் பார்க்க வருகிறவன் முன்னால் காபித் தட்டோடு தலைகுனிந்து நிற்கிறவளுக்கு, இரவு பன்னிரண்டு மணிக்கு மேடையில் தலைநிமிர்ந்து நிற்கிறவளைப் பார்க்க ஆசை வராதா? அவளை மயக்கத்தில் விழுந்தவள் என்று சொல்வது நியாயமா?

இது நேற்று வந்த ஆசையும் அல்ல. சங்கப் பாட்டுக்கள் என்று நமக்குக் கிடைத்திருப்பவை ஏறத்தாழ 2,400. அவற்றில் 1,800க்கு மேல் அகப்பாட்டு. அரசனின் யானையையும் கொடையையும் பாடியவை மிச்சமுள்ளவைதான். அந்த அகப்பாட்டிலும் மலையும் மலை சார்ந்த இடமுமாகிய குறிஞ்சிக்குத்தான் காதலர் கூடும் பாட்டைக் கொடுத்தார்கள். தினைப்புனம், பரண், கிளி ஓட்டும் பெண், வேட்டைக்கு வந்தவன் போல வருகிற இளைஞன், எல்லாம் அதில் இருக்கிறது. இன்றிரவு நீங்கள் பார்க்கப்போகிற காட்சி அதே காட்சிதான். உங்கள் மலையின் கதை தமிழ்நாட்டுக்கே கதையானது. (இன்றைக்கு அந்தத் தினைக் கொல்லைகளில் பெரும் பகுதியை மரவள்ளி பிடித்துக்கொண்டது. வள்ளிக்கிழங்குக் குழியில் கிடைத்தவள் என்பதால் வள்ளி என்று பெயர் வந்ததாம். அவள் பேத்திகள் இப்போது சேகோ ஆலைக்காக மரவள்ளி பிடுங்குகிறார்கள். அதன் விலையைப் பற்றி அடுத்த கூட்டத்தில் பேசுவோம். இன்று கூத்துக்காரர்களின் நேரம்.)

எங்கெல்சு 1884இல் எழுதிய 'குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்' என்ற புத்தகத்தில் இந்த விஷயத்தைத் தொட்டிருக்கிறார். சொத்துள்ளவன் வீட்டில் கல்யாணம் என்பது சொத்துக்கும் சொத்துக்கும் நடக்கிற ஒப்பந்தம். அங்கே பிள்ளைகளின் மனசுக்கு இடமில்லை. காப்பாற்ற வேண்டிய சொத்து இல்லாத பாட்டாளியிடம்தான் உண்மையான காதல் பொதுவழக்காக இருக்க முடியும் என்பது அவர் வாதம். நம் நாட்டுக்கு இதோடு ஒன்றைச் சேர்த்துக்கொள்ள வேண்டும். இங்கே சொத்து இல்லாதவனிடமும் ஒரு சொத்தைக் கொடுத்து வைத்திருக்கிறார்கள். அதன் பெயர் சாதி. ஒரு சென்ட் நிலம் இல்லாதவனும் அதைத் தன் பெண்ணின் உடம்பில் பூட்டிக் காவல் காக்கிறான்.

அதனால்தான் நம் ஜனங்களின் கதைகளில் காதலர்கள் சாகிறார்கள். அருந்ததியர் வீட்டில் வளர்ந்த மதுரை வீரன், பாளையக்காரர் மகள் பொம்மியை மணந்தான். மாறுகால் மாறுகை வாங்கினார்கள். பார்ப்பனப் பெண் ஆரியமாலையை விரும்பிய காத்தவராயனைக் கழுவேற்றினார்கள். பிறகு என்ன நடந்தது? ஊர் எல்லையில் கல் நட்டுச் சாமி என்று கும்பிட்டார்கள். கொன்றது சரியில்லை என்று ஜனங்களின் மனசாட்சி சொல்லியிருக்கிறது; அதைச் சொல்ல அவர்களுக்குக் கிடைத்த வழி படையலும் கூத்தும். விடிகிற நேரத்தில் காத்தவராயன் கழுமரம் ஏறும் காட்சியில் வாய்விட்டு அழுகிற ஜனங்களை நாம் பார்த்திருக்கிறோம். அந்த அழுகையைப் பொழுதுபோக்கு என்று ஒரு சொல்லில் அடக்க முடியாது.

ஆனால் கதையைக் கையில் எடுத்துக்கொண்ட மேலோர் சும்மா இருக்கவில்லை. ஒரு சின்ன வேலை செய்தார்கள். மதுரை வீரன் அருந்ததியர் வீட்டில் வளர்ந்தவன்தான், ஆனால் பிறந்தது காசி ராஜாவுக்கு என்றார்கள். காத்தவராயன் தெய்வப் பிள்ளை என்றார்கள். நம் வள்ளியையே எடுத்துக்கொள்ளுங்கள். வேடர் தலைவன் நம்பி வளர்த்த மலைப்பெண். கந்தபுராணமோ அவள் முற்பிறவியில் திருமாலின் மகள் என்கிறது! குறத்தியை முருகன் கட்டினான் என்று விட மனசு வரவில்லை. பிறப்பைத் திருத்திவிட்டால் காதலின் முள் உடைந்துவிடுகிறது. "எல்லாம் இனம் இனத்தோடுதான் சேர்ந்தது" என்று நிம்மதியாகத் தூங்கலாம்.

சினிமா முதலாளிகள் இந்தப் பாடத்தை நன்றாகப் படித்துக்கொண்டார்கள். 1931இல் தமிழ்ப் படம் பேச ஆரம்பித்தது. 1933இலேயே 'வள்ளி திருமணம்' படமாகிவிட்டது. 1945இல் ஏவி.எம். 'ஸ்ரீவள்ளி' எடுத்தார்கள். கோவை சென்ட்ரல் ஸ்டூடியோவில் பஞ்சாலைக்காரர்களின் பணமும் இருந்தது என்பதை ஆலைத் தோழர்கள் கவனிக்க வேண்டும்: பகலில் நம் உழைப்பை வாங்கிய கை, இரவில் டிக்கட்டும் விற்றது. படத்திலே ஏழைப் பையன் பணக்காரப் பெண்ணைக் காதலிப்பான். பதினைந்து ரீல் வரை சண்டை. கடைசி ரீலில் அந்தப் பையன் தொலைந்துபோன ஜமீன்தார் மகன் என்று தெரியவரும், அல்லது பணக்கார அப்பா மனம் திருந்தி அழுவார். மில்லும் அவருடையதாகவே இருக்கும், மருமகனும் அவருடையவனாகிவிடுவான். இன்று கொட்டகை உங்கள் சட்டைப் பைக்குள் வந்துவிட்டது. செல்போனில் ஓடுகிற கதையும் பெரும்பாலும் இதே கதைதான்.

நம்முடைய சண்டை இந்தக் கடைசி ரீலோடுதான். முந்தின பதினான்கு ரீலை ரசிக்கிற தொழிலாளியோடு நமக்குச் சண்டை இல்லை. இந்த வித்தியாசம் தெரியாமல் போனதுதான் நாம் மைக்கில் செய்த தப்பு.

காதல் நாடகத்தை நம்மவர்கள் எப்படிக் கையாண்டார்கள் என்பதற்கு ஒரு சரித்திரமே இருக்கிறது. அதில் இரண்டு பேரைச் சொல்லாமல் நகர முடியாது.

சிவகாசியில் 1886இல் பிறந்த விஸ்வநாத தாஸ் மருத்துவர் குலம் என்று சொல்லப்படுகிற நாவிதர் வகுப்பைச் சேர்ந்தவர். அவர் முருகனாக வருகிற 'வள்ளி திருமணம்' என்றால் ஊர் திரளும், போலீசும் திரளும். தினைப்புனத்திலே பறவை ஓட்டுகிற காட்சியில் வெள்ளைக் கொக்கைப் பற்றி ஒரு பாட்டு வரும். கொக்கு யார் என்று ஜனங்களுக்கும் தெரியும், சப்-இன்ஸ்பெக்டருக்கும் தெரியும். மேடையிலிருந்தே கைதாகி, முருகன் பல தடவை சிறைக்குப் போயிருக்கிறார். இவ்வளவு பெரிய கலைஞர், தேசபக்தர். ஆனால் அவருக்கு ஜோடியாக வள்ளி வேஷம் கட்டமாட்டோம் என்று நடிகைகள் பலர் மறுத்தார்கள். காரணம் சாதி. காதல் நாடகத்தின் மேடையிலேயே காதலுக்கு இப்படி ஒரு வேலி!

அந்த வேலியைத் தாண்டி வந்து அவருடன் வள்ளியாக நின்றவர் மதுரை கே.பி. ஜானகியம்மாள். நாடகக் கம்பெனியில் சிறுமியாகச் சேர்ந்து, பாட்டால் பேர் வாங்கி, காங்கிரஸ் சோஷலிஸ்டாகி, பிறகு கம்யூனிஸ்டானவர். யுத்த எதிர்ப்புப் பிரச்சாரத்துக்காகச் சிறை சென்றவர். நாடகத்தில் சம்பாதித்ததையெல்லாம் இயக்கத்துக்குக் கொடுத்தவர். 1967இல் மதுரை கிழக்குத் தொகுதியிலிருந்து சட்டசபைக்குப் போனார், 1992இல் மறைந்தார். கூட்டத்தில் அவர் முதலில் பாடுவார், பிறகு பேசுவார் என்று மதுரைத் தோழர்கள் இன்றும் சொல்வார்கள். வள்ளியின் தர்க்கத்தை மேடையில் கற்றவர் அதைச் சட்டசபைக்கும் கொண்டுபோனார் என்றுதான் நமக்குத் தோன்றுகிறது. விஸ்வநாத தாஸோ 1940 டிசம்பர் 31 இரவு, சென்னை ராயல் தியேட்டரில், முருகன் வேஷத்தில், மயில் மேல் உட்கார்ந்து பாடிக்கொண்டிருந்தபோதே உயிர் விட்டார்.

பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் தஞ்சை விவசாயிகளோடு நின்றவர். அவர் பாட்டு 'ஜனசக்தி'யில் வந்தது. அதே கவிஞர்தான் 1959இல் வந்த 'கல்யாணப் பரிசு' என்ற காதல் படத்துக்குப் பாட்டெல்லாம் எழுதினார். அவருக்கு அது இரண்டு வேலையாகத் தெரியவில்லை. அதே வருஷம் அக்டோபரில், முப்பது வயது நிறையும் முன்னே போய்விட்டார். அடுத்த வருஷம், 1960இல், நம் இயக்கத்து நண்பர்கள் கூடி 'பாதை தெரியுது பார்' என்று தொழிலாளர் படம் ஒன்று எடுத்தார்கள். நிமாய் கோஷ் டைரக்ஷன், எம்.பி. சீனிவாசன் சங்கீதம். படம் ஓடவில்லை. ஆனால் ஜெயகாந்தனும் கே.சி.எஸ். அருணாசலமும் அதில் எழுதிய காதல் பாட்டுக்கள் படத்தைத் தாண்டி வாழ்கின்றன. இதைச் சொல்லி நம்மைக் கேலி செய்கிறவர்கள் உண்டு. செய்யட்டும். உழைக்கிறவனுக்கும் அழகான காதல் பாட்டு உண்டு என்று அந்தத் தோழர்கள் நினைத்தார்கள். ஜனங்கள் எடுத்து வைத்துக்கொண்டார்கள். நமக்கு அதில் சந்தோஷம்தான்.

இனி, மேடையை விட்டு மலைக்குக் கீழே வருவோம். இதே நாமக்கல் மாவட்டம். 2015 ஜூன் மாதம். பொறியியல் படித்த ஒரு தலித் இளைஞர், வேறு சாதியைச் சேர்ந்த கல்லூரித் தோழியோடு திருச்செங்கோடு மலைக்கோயிலில் பேசிக்கொண்டிருந்தார். பேசிக்கொண்டிருந்தார், அவ்வளவுதான். கடத்திக்கொண்டு போனார்கள். மறுநாள் பள்ளிபாளையம் பக்கத்தில் ரயில் தண்டவாளத்தில் பிணமாகக் கிடந்தார். அந்தக் கோயிலில் இருக்கிற சாமி யார்? பாதி ஆண், பாதி பெண்ணாக நிற்கிற அர்த்தநாரீசுவரர்! பிள்ளையைப் பெற்ற தாய் சளைக்காமல் நின்றார். 2022 மார்ச்சில் மதுரைச் சிறப்பு நீதிமன்றம் 10 பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. அவர்களில் எட்டுப் பேருக்கு 2023இல் உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. காத்தவராயன் கதையைப் பார்த்து அழுத அதே ஜில்லாவில் இது நடந்தது என்பதை நினைத்தால் நமக்குத் தொண்டை அடைக்கிறது. கூத்தில் கழுமரத்தைப் பார்த்து அழுகிற கண், தன் தெருவில் கழுமரம் நடுகிறபோது ஏன் உலர்ந்துபோகிறது?

இதற்கு நம்மிடம் பூரணமான பதில் இல்லை. ஆனால் நம் வீட்டுக்குள்ளேயும் அந்த மரம் இருக்கிறது என்று சொல்லத்தான் வேண்டும். சங்கக் கொடியைத் தூக்குகிற தோழர், மகள் விஷயம் வந்ததும் ஜாதகக் கட்டைத் தூக்குவதை நாம் பார்த்திருக்கிறோம். மலையிலோ பரிசம் கொடுத்துப் பெண் எடுப்பது பழைய வழக்கம். கீழே இருந்து வரதட்சணை இப்போது எழுபது கொண்டை ஊசி வளைவையும் பஸ்ஸில் ஏறிக் கடந்து மேலே வருகிறது. நாகரிகம் என்று நினைத்து அதை இறக்கி வைத்துக்கொள்ளாதீர்கள். பவுனுக்கு விலை பேசுகிற கல்யாணத்தில் வள்ளி கேள்வி கேட்க முடியாது.

2024 ஜூனில் நெல்லையில் மார்க்சிஸ்ட் கட்சி அலுவலகத்தில் ஒரு சாதி மறுப்புக் கல்யாணம் செய்துவைத்தார்கள். பெண் வீட்டார் கூட்டமாக வந்து அலுவலகத்தை அடித்து நொறுக்கினார்கள். கண்ணாடி உடைந்தது, நாற்காலி உடைந்தது; கல்யாணம் உடையவில்லை. 2025இல், காதலித்து மணக்க விரும்புகிறவர்களுக்குத் தமிழ்நாடு முழுவதும் தங்கள் அலுவலகங்கள் திறந்திருக்கும் என்று அந்தக் கட்சியின் மாநிலச் செயலாளர் பெ. சண்முகம் அறிவித்தார். ஆணவக் கொலைக்குத் தனிச் சட்டம் வேண்டும் என்று இடதுசாரிகள் வருஷக்கணக்காகக் கேட்டு வருகிறோம். 2025 அக்டோபரில் ஓய்வு பெற்ற நீதிபதி கே.என். பாஷா தலைமையில் ஒரு ஆணையம் அமைப்பதாக மாநில அரசு அறிவித்தது. சட்டம் கைக்கு வருகிறவரை நம் கை ஓயக்கூடாது.

இளைஞர்களுக்கு உபயோகமான ஒன்று. சுயமரியாதைத் திருமணத்துக்கு அண்ணா ஆட்சியில் 1967இல் சட்டம் வந்தது. புரோகிதர் வேண்டாம், தீ வலம் வேண்டாம். மாலையோ மோதிரமோ மாற்றிக்கொண்டால் செல்லும். ஆனால் அது இரண்டு பேரும் இந்துக்களாக இருந்தால்தான். வேறு வேறு மதம் என்றால் 1954ஆம் வருஷத்துச் சிறப்புத் திருமணச் சட்டம். அதில் முப்பது நாள் நோட்டீஸ் ஒட்டுவார்கள். துரத்துகிறவர்களுக்கு அதுவே துப்பாகிவிடும். ஆகவே நோட்டீஸ் கொடுப்பதற்கு முன்னாலேயே எங்களிடம் வாருங்கள். இருட்டில் தனியாக பஸ் ஏறிவிடாதீர்கள்.

போதும். பபூன் வேஷக்காரர் தட்டிக்குப் பின்னாலிருந்து நம்மை இரண்டு தடவை எட்டிப் பார்த்துவிட்டார். முதல் காட்சியிலேயே நம் பேச்சைக் கிண்டல் செய்யப் போகிறார் என்று நினைக்கிறோம். செய்யட்டும், நாமும் முன்வரிசையில்தான் உட்காரப் போகிறோம். அந்தக் கிழவியம்மாவும் வந்திருக்கிறார், பாயோடு, வெற்றிலைப் பையோடு. தர்க்கத்தின்போது யாரும் தூங்கிவிட வேண்டாம், எழுப்பிவிடச் சொல்லியிருக்கிறார். உண்டியல் உங்கள் நடுவே வருகிறது; கூத்துக்காரர்களுக்கு ஒன்று, கட்சிக்கு ஒன்று. முதலில் அவர்களுடையதில் போடுங்கள். மைக்கை விடுகிறோம்.